ஒச்சுரின் தம்பி

ஹெரெல் சிரிக்கும்போது முதலில் தோள் குலுங்கும். சத்தம் பிறகுதான் வரும். பள்ளிக்கூடத்துக் கொதிகலன் அறையில் அவனும் நானும் பல குளிர்காலங்கள் சேர்ந்து கரி அள்ளியிருக்கிறோம். கரிப்புழுதியில் முகம் தெரியாது. தோள் ஆடுவதை வைத்துத்தான் இவன் சிரிக்கிறான் என்று கண்டுபிடிப்பேன். எங்கள் கர-சுக் ஊரில் யார் வீட்டு மரம் அறுக்கும் எந்திரம் பழுதானாலும் அவனிடம்தான் வரும். சரிசெய்து கையில் கொடுக்கும்போது, "வீட்டுக்காரி கோவமா இருக்கறப்ப இதை ஸ்டார்ட் பண்ணாதீங்க. எந்தச் சத்தம் எதுன்னு தெரியாம போயிரும்" என்பான்.

அவனுக்கு ஒரே அண்ணன் ஒச்சுர். அப்பா சீக்கிரம் போய்விட்டார். ஒச்சுர்தான் அவனுக்குக் குதிரை ஏறவும் வலை போடவும் கற்றுக்கொடுத்து ஆளாக்கினான். ஒச்சுருக்குக் கல்யாணமாகி சாய்லிக் வந்த பிறகும் ஹெரெல் அந்த வளவுக்குள்ளேயே, பின்னாலிருந்த சின்ன வீட்டில் இருந்துகொண்டான். சாப்பாடு அண்ணி கையால்தான். "தம்பிக்கு ஒரு பொண்ணு பாரேன்" என்று ஒச்சுர் சொல்லும்போதெல்லாம் சாய்லிக், "இவன் திங்கற அளவைப் பாத்தா எந்தப் பொண்ணு வருவா?" என்று அவன் கிண்ணத்தில் இன்னொரு எலும்பைப் போடுவாள்.

ஒச்சுர் லாரி ஓட்டினான். குளிர்காலத்தில் ஆறு உறைந்த பிறகு, அக்கரைக்குப் போக ஆற்றின் மேலேயே பாதை. மார்ச் கடைசியில் அதை மூடிவிடுவார்கள். மூடிய பிறகும் ஒன்றிரண்டு நாள் எல்லோரும் போய்வருவோம்; அதில் ஒன்றும் புதிதில்லை. அந்த வருஷம் ஒச்சுர் சாய்லிக்குக்காகத் துணி துவைக்கும் எந்திரம் ஒன்றை அக்கரையிலிருந்து கொண்டுவந்தான். கூடவே மாவு மூட்டைகள். ஹெரெல் கையில் இரும்புக் கடப்பாறையோடு, பனிக்கட்டியைத் தட்டிப் பார்த்தபடி முன்னால் நடந்தான். லாரி பின்னால் ஊர்ந்து வந்தது.

நடு ஆற்றில் பின்னாலிருந்து ஒரு சத்தம். திரும்பினால் லாரியின் மூக்கு தண்ணீருக்குள். ஹெரெல் ஓடினான். பிறகு குப்புறப் படுத்துத் தவழ்ந்து போனான். அவன் படுத்திருந்த கட்டியும் உடைந்தது. மார்பு வரைக்கும் உள்ளே போனவன், கடப்பாறையைக் குறுக்கே போட்டு எப்படியோ ஏறினான். மறுபடி போகப் பார்த்தான், மறுபடி உடைந்தது. கரையிலிருந்து நாங்கள் கயிறோடு போய்ச் சேர்ந்தபோது அவன் கரைப்பக்கம் ஊர்ந்து வந்துகொண்டிருந்தான். சட்டையெல்லாம் பலகைபோல் விறைத்துவிட்டது.

"அண்ணன் எங்கடா?"

"தண்ணிதான் இருந்துச்சு" என்றான். "நான் போறப்ப வெறும் தண்ணிதான் இருந்துச்சு."

பனி உருகி ஆறு ஓடத் தொடங்கியபோது ஒச்சுரின் உடல் கீழே ஒரு மணல்திட்டில் ஒதுங்கியது. லாரியிலிருந்து வெளியே வந்திருக்கிறான் என்று அப்போதுதான் தெரிந்தது. அதைப் பற்றி யாரும் எதுவும் பேசவில்லை. பேச என்ன இருக்கிறது? ஹெரெல் செய்ய முடிந்ததைச் செய்தான் என்றுதான் ஊர் நினைத்தது. நானும் அப்படித்தான்.

எங்களில் ஒருவர் இறந்தால் ஆவி உடனே போய்விடுவதில்லை. நாற்பத்தொன்பதாம் நாள் அதை அழைத்து, சாப்பாடு கொடுத்து, சொல்ல வேண்டியதைச் சொல்லவைத்து அனுப்பிவிட வேண்டும். அதைச் செய்கிறவர் ஹாம். எங்கள் ஊர் ஹாம் செந்தின்மா அக்கா. பறையை எடுத்தால் இறந்தவர்களோடும் ஆற்றை ஆளும் ஆவிகளோடும் பேசுவாள். மற்ற நாட்களில் இரண்டு மாடு கறப்பாள், தொலைக்காட்சியில் குத்துச்சண்டை பார்ப்பாள்.

அவளைப் படம் பிடிக்க எத்தனையோ பேர் வந்துபோயிருக்கிறார்கள். சூரியன் மறையும்போது ஆற்றங்கரையில் பறையோடு நிற்கச் சொன்ன ஒரு கூட்டத்தைப் பற்றி அவள் சொல்லிச் சொல்லிச் சிரிப்பாள். "சூரியன் எறங்கற வரைக்கும் நிக்கணுமாம். அதுவரைக்கும் என் மாட்டை அவங்கப்பனா கறப்பான்?"

உரானா அப்படிப்பட்டவள் இல்லை. கிசில் நகரத்துப் பெண், ஆனால் அவள் அம்மா எங்கள் ஊர்க்காரி. முதல் கோடையில் கேமராவையே வெளியே எடுக்கவில்லை. செந்தின்மா அக்காவுக்கு மாடு கறந்து கொடுத்தாள், புல் உலர்த்தினாள். அடுத்த வருஷம்தான் படம் எடுக்க ஆரம்பித்தாள். நம்மைப் பற்றி நாமே எடுக்கும் படம், வெளியிலிருந்து வருகிறவர்கள் எடுப்பதுபோல் வேஷம் கட்டாத படம் என்று சொல்லுவாள். சொன்னபடியே நடந்தாள். இதைச் சொல்லியாக வேண்டும், ஏனென்றால் பிறகு ஊரில் அவளைத் திட்டாதவர்கள் இல்லை.

ஒச்சுரின் நாற்பத்தொன்பதாம் நாளைப் படமெடுக்கலாமா என்று அவள் சாய்லிக்கிடம் வந்து கேட்டாள். எல்லோரும் மறுப்பாள் என்று நினைத்தோம். சாய்லிக் அடுப்பில் ஒரு விறகைத் தள்ளிவிட்டுக் கேட்டாள்.

"அவரு பேசறதை அந்த மெஷின் வச்சிருக்குமா?"

"வச்சிருக்கும் அக்கா. செந்தின்மா அக்கா வாயால வர்றது எல்லாம் பதிவாயிரும்."

"அப்ப எடு. எனக்கு இன்னொரு தடவை கேக்கணும்."

மே மாதம் பாதி போயிருந்தது. ஊருக்கு வெளியே, மேற்குப் பார்த்த மேட்டில் விறகு அடுக்கினோம். ஒச்சுருக்குப் பிடித்ததெல்லாம் வந்தது: கொழுத்த ஆட்டு வால், உப்புப் போட்ட பால் தேநீர், சிகரெட், மிட்டாய். உரானாவின் முக்காலியை மேட்டுக்குத் தூக்கிவந்தது ஹெரெல். வழியில் அவளிடம், "அண்ணனை நல்லா எடு. உயிரோட இருக்கறப்ப ஒரு போட்டோக்குகூட ஒழுங்கா நிக்கல மனுஷன்" என்றான். தோள் குலுங்கியது. சத்தம் வரவில்லை.

நெருப்பு எரிந்தது. செந்தின்மா அக்கா பறையை அடித்துக்கொண்டே சுற்றினாள். நெருப்பில் போட்ட ஜூனிபர் தழையின் புகை கண்ணைக் கரித்தது. நான் விறகு போடும் வேலையில் இருந்தேன். ரொம்ப நேரம் கழித்து அவள் குரல் மாறியது. ஒச்சுர் வந்துவிட்டான். நெற்றியில் வெள்ளை விழுந்த பசுவை விற்காதே என்றான். பெரிய மகள் படிப்பை நிறுத்தக் கூடாது என்றான். காலெல்லாம் குளிர்கிறது, பூட்ஸ் நனைந்துவிட்டது என்றான். சாய்லிக் "சரிங்க, சரிங்க" என்று ஒவ்வொன்றுக்கும் தலையாட்டினாள். கடைசியில் குரல் உயர்ந்தது.

"தம்பி, கையை நீட்டினேன். நீ பாத்தே. திரும்பிப் போ..."

பறை ஓங்கி ஒலித்தது. செந்தின்மா அக்கா சாய்ந்து விழுந்தாள். நாங்கள் தாங்கிக்கொண்டோம். ஹெரெல் மண்டியிட்டு அழுதான். எல்லோரும்தான் அழுதோம். பிறகு நெருப்பு அணைந்தது, திரும்பிப் பார்க்காமல் ஊருக்கு வந்தோம். நெருப்பருகே பேசியதை ஊருக்குள் கொண்டுவரக் கூடாது என்பது வழக்கம். யாரும் கொண்டுவரவில்லை. செந்தின்மா அக்காவுக்கோ, தன் வாயால் என்ன வந்தது என்பதே எப்போதும் ஞாபகம் இருக்காது.

அதற்குப் பிறகும் ஹெரெல் அண்ணியின் வீட்டில்தான் சாப்பிட்டான். விறகு பிளந்தான், மாட்டைப் பார்த்துக்கொண்டான். கொதிகலன் அறையில் மெல்ல மெல்லப் பழைய கிண்டல் திரும்பிவந்தது. நாள் ஆக ஆக அந்த மேட்டில் கேட்டது எனக்கு மங்கிவிட்டது. அது மங்கத்தானே வேண்டும்.

அடுத்த வருஷம் இலையுதிர் காலத்தில் உரானா படத்தோடு வந்தாள். வெளிநாட்டில் ஏதோ விழாவில் பரிசு வாங்கியிருந்தது. பல நாட்டுத் தொலைக்காட்சிகள் கேட்கின்றனவாம். முதலில் நம்ம ஊர்தான் பார்க்க வேண்டும் என்று அவள் ஆசைப்பட்டிருந்தாள், விழாக்காரர்கள் முந்திக்கொண்டார்கள். ஊர் மன்றத்தில் திரை கட்டினோம். கிழவிகள் வெள்ளி நகை போட்டுக்கொண்டு வந்தார்கள். திரையில் செந்தின்மா அக்காவின் மாடு வந்ததும் ஒரே கைதட்டல்.

பிறகு அந்த மேடு வந்தது. படம் வெளியாட்களுக்காகவும் என்பதால் கீழே ரஷ்ய எழுத்தில் வரிகள் ஓடின. பசு, மகள், பூட்ஸ். அதற்குப் பிறகு வெள்ளை எழுத்தில், நெருப்புக்குக் கீழே: "தம்பி, கையை நீட்டினேன். நீ பார்த்தாய். திரும்பிப் போய்விட்டாய்."

உடனே திரையில் ஹெரெலின் முகம். பெரிதாக, சுவர் அளவுக்கு. அழுகிற முகம். அந்த வரியைப் படித்துவிட்டு அந்த முகத்தைப் பார்த்தால் ஒரே ஒரு அர்த்தம்தான் தோன்றும்.

சாய்லிக் எழுந்து தன் மகள்களைக் கூட்டிக்கொண்டு வெளியே போனாள். ஹெரெல் படம் முடியும்வரை உட்கார்ந்திருந்தான். விளக்குப் போட்டதும் என்னைப் பார்த்து, "பெலெக், அண்ணன் அப்படியா சொன்னாரு?" என்று கேட்டான்.

அந்த மேட்டில் நான் இருந்தேன். ஆனால் இப்போது படித்ததுதான் காதில் கேட்டதுபோல் இருந்தது.

அடுத்த வாரத்துக்குள் படம் எல்லோருடைய கைபேசியிலும் இருந்தது. மேட்டுக்கு வராதவர்களும் அந்த வரியை மனப்பாடமாகச் சொன்னார்கள். வந்தவர்கள், தாங்கள் அன்றைக்கே கேட்டதாகவும் ஹெரெல் முகத்துக்காகச் சொல்லாமல் இருந்ததாகவும் சொல்ல ஆரம்பித்தார்கள். யாரும் அவனை அடிக்கவில்லை, திட்டவில்லை. மரம் அறுக்கும் எந்திரங்கள் மட்டும் அவனிடம் வருவது நின்றது. ஒச்சுரோடு வேட்டைக்குப் போய்வந்த தஷ்-ஊல் ஒரு நாள் கடையில் எல்லோர் முன்னாலும் கேட்டான்:

"ஹெரெல், உன் பக்கத்துல இருக்கற உப்புப் பாக்கெட்டை எடுத்துக் குடேன். கை நீட்டினா குடுப்பியா, இல்ல பாத்துட்டுப் போயிருவியா?"

ஹெரெல் உப்பை எடுத்து அவன் கையில் வைத்துவிட்டு வெளியே போகத் திரும்பினான். நான் தஷ்-ஊலின் சட்டையைப் பிடித்தேன். ஹெரெல் என் கையை விலக்கிவிட்டு, "விடுடா. அவன் என்ன பொய்யா சொல்றான்? படத்துல இருக்கே" என்றான்.

சாய்லிக்கின் வீட்டில்தான் கஷ்டம். அவன் சாப்பிட வந்தால் கிண்ணத்தை வைத்தாள். ஆனால் அவன் சாப்பிடும்போது வேறு அறைக்குப் போனாள். சில நாள் பொறுத்துப் பார்த்தான். பிறகு தானே சமைக்க ஆரம்பித்தான். அவன் சமையலைச் சாப்பிட்டுப் பார்த்தேன், நாய்கூடத் தயங்கும்.

"உரானாகிட்ட போலாம்" என்று நான்தான் சொன்னேன். "அவளே மாத்திக் கொடுக்கட்டும்."

கிசிலில் அவள் வேலை செய்யும் அறை ஒரு பழைய கட்டடத்தின் மேல்மாடியில் இருந்தது. எங்களைப் பார்த்ததுமே அவள் முகம் வெளுத்துவிட்டது. ஊரில் நடந்ததெல்லாம் அவள் காதுக்கும் போயிருந்தது.

"அண்ணே, எனக்கு அப்படித்தான் கேட்டுச்சு. சத்தியமா."

"அந்த இடத்தை மட்டும் போடு" என்றான் ஹெரெல்.

போட்டாள். படத்தில் இருப்பதுபோல் இல்லாமல் வெறும் சத்தத்தை மட்டும். "கையை நீட்டினேன். நீ பாத்தே. திரும்பிப் போ..." அந்த இடத்தில் பறை விழுகிறது. அதற்குப் பின்னால் ஏதாவது ஒலி இருந்ததா, இல்லையா? எங்கள் பேச்சில் 'போ' என்பதற்கும் 'போயிட்டே' என்பதற்கும் உள்ள வித்தியாசம் கடைசியில் வரும் ஒரு சின்ன ஒலிதான். அது இருந்தால் ஒச்சுர் தம்பியைக் குற்றம் சொல்கிறான். இல்லையென்றால், தம்பியும் மூழ்கிவிடக் கூடாதென்று திரும்பிப் போகச் சொல்லி அதட்டுகிறான்.

உரானா பறையின் சத்தத்தைக் குறைத்துப் பார்த்தாள். குரலும் சேர்ந்து குறைந்தது. மெதுவாக ஓடவிட்டாள். மாட்டுத் தும்மல்போல் ஏதோ கேட்டது. திரும்பத் திரும்பப் போட்டாள்.

"உனக்கு என்னடா கேக்குது?" என்றான் ஹெரெல் என்னிடம்.

"இப்ப 'போ'ன்னுதான் கேக்குது."

"முந்தின தடவை?"

நான் உரானாவிடம் இன்னொரு தடவை போடச் சொன்னேன்.

"சின்ன வயசுல வேட்டைக்குப் போறப்ப நான் பின்னாடியே ஓடுவேன்" என்றான். "திரும்பிப் போடான்னு இப்படித்தான் கத்துவாரு. இதே மாதிரிதான்." முகம் ஒரு கணம் தெளிந்தது. உரானா அவசரமாக, "அப்ப அதுதான் அண்ணே! அப்படித்தான் சொல்லியிருக்காரு!" என்றாள்.

ஹெரெல் அவளையே பார்த்தான். "இப்ப உனக்கு என் மேல பாவமா இருக்கு, அதனால அப்படிக் கேக்குது" என்றான்.

"நீ கையைப் பாத்தியா அண்ணே?" அவள் கேட்டேவிட்டாள். அதுவரை எங்களில் யாரும் நேராகக் கேட்காத கேள்வி.

"பாக்கலன்னுதான் நெனச்சிட்டிருந்தேன். இந்தப் படத்தைப் பாத்ததுக்கு அப்புறம் கண்ணை மூடினா கை தெரியுது. கையுறை இல்லாத கை. அது அன்னிக்குப் பாத்ததா, இப்ப பாக்கறதான்னு எப்படிக் கண்டுபிடிக்கிறது? நீ படிச்சவ, சொல்லு."

உரானா அழுதுவிட்டாள். படத்தை விற்கும் வெளிநாட்டுக் கம்பெனிக்கு அன்றே எழுதினாள். அந்த ஒரு வரியை மாற்ற வேண்டும், அல்லது அந்தக் காட்சியையே எடுத்துவிட வேண்டும் என்று. படம் ஏற்கெனவே எல்லா நாடுகளுக்கும் போய்விட்டது, பரிசு கொடுத்தவர்கள் அந்தக் காட்சியைத்தான் பாராட்டியிருக்கிறார்கள், இனி எதையும் தொட முடியாது என்று மரியாதையாகப் பதில் வந்தது. தன் கையில் இருந்த பிரதியில் அவள் வரியை மாற்றி ஊருக்கு அனுப்பினாள். யாரும் அதைப் பார்க்கவில்லை. பார்த்த ஒன்றிரண்டு பேரும், "ஹெரெல் போயி கெஞ்சியிருப்பான்" என்றார்கள்.

ஹெரெல் செந்தின்மா அக்காவிடம் போனான். நானும் கூடப் போனேன். அவள் வாளியோடு கொட்டகையிலிருந்து வந்துகொண்டிருந்தாள்.

"அக்கா, அண்ணனை இன்னொரு தடவை கூப்பிடு. ஒரே ஒரு வார்த்தை கேக்கணும்."

அவள் வாளியைக் கீழே வைத்தாள். "நாற்பத்தொன்பது முடிஞ்சுதுப்பா. அவன் போயிட்டான். இப்ப கூப்பிட்டா அவன் வரமாட்டான், வேற எதுவோதான் அவன் குரல்ல வரும். அது சொல்றதை நம்பிட்டு நீ என்ன பண்ணுவே?"

"அன்னிக்கு என்னதான் சொன்னே?"

"நான் எங்கடா சொன்னேன்? தபால்காரன் தபாலைப் பிரிச்சா படிக்கிறான்?" அவள் குரலில் கோபம் இல்லை, களைப்புதான். "அந்த மெஷினை நான் விட்டிருக்கக் கூடாது. நெருப்புகிட்ட சொன்னது நெருப்போட போகணும். அது இப்ப போகாம நிக்குது. அதை அனுப்பற வழி எனக்குத் தெரியாது. எங்கம்மாவுக்கும் தெரிஞ்சிருக்காது."

ஹெரெல் அவள் காலடியில் உட்கார்ந்துவிட்டான். அவள் கொஞ்ச நேரம் அவன் தலைமேல் கையை வைத்திருந்தாள். பிறகு ஒரு கிண்ணத்தில் பால் ஊற்றிக் கொடுத்தாள். அவளால் கொடுக்க முடிந்தது அவ்வளவுதான்.

படத்தைப் பார்த்துவிட்டு வெளிநாட்டவர்கள் செந்தின்மா அக்காவைத் தேடி வரத் தொடங்கினார்கள். கோடையில் ஒரு பெண்மணி வந்தாள். நரைத்த முடி, கழுத்தில் எங்கள் கடைத்தெருவில் வாங்கிய மணிமாலை. ஹெரெலும் நானும் பள்ளிக்கூடத்து வேலிக்குச் சாயம் அடித்துக்கொண்டிருந்தோம். எங்களைத் தாண்டிப் போனவள் சட்டென்று நின்று, திரும்பி, அவன் முகத்தை உற்றுப் பார்த்தாள். மொழிபெயர்க்கக் கூட வந்த மாணவியிடம் ஏதோ கேட்டாள். பிறகு வேகமாக வந்து, சாயம் ஒட்டிய அவன் இரண்டு கைகளையும் பிடித்துக்கொண்டாள். கண்ணில் தண்ணீர்.

அந்த மாணவி தர்மசங்கடத்தோடு நெளிந்தாள். "அண்ணே, இவங்க... உங்களை மன்னிச்சிட்டதா சொல்றாங்க."

"யாரு?"

"இவங்கதான். படத்தைப் பாத்தப்ப உங்க மேல ரொம்பக் கோவம் வந்துச்சாம். இப்ப நேர்ல பாத்ததும் மன்னிக்கணும்னு தோணுச்சாம்."

ஹெரெல் என்னைப் பார்த்தான். அந்தப் பெண்மணியைப் பார்த்தான். அவள் முகத்தில் கள்ளம் இல்லை. நிஜமாகவே அவனுக்கு நல்லது செய்வதாக நினைத்துக்கொண்டிருந்தாள்.

"நன்றின்னு சொல்லு" என்றான்.

அவள் போன பிறகு தூரிகையை எடுத்து விட்ட இடத்திலிருந்து அடிக்கத் தொடங்கினான். "கை முழுக்கப் பச்சை சாயம் ஆக்கிக்கிட்டாளே, பாவம்" என்றான்.

அந்தக் குளிர்காலத்தில் ஒரு மாலை, சாய்லிக் தானாகவே அவனைக் கூப்பிட்டாள். பிறகு அவன் என்னிடம் சொன்னதை வைத்துச் சொல்கிறேன். தேநீர் ஊற்றினாள். எதிரில் உட்கார்ந்தாள். ரொம்ப நாளைக்குப் பிறகு எதிரில்.

"நான் கோவமா இல்ல. அதைத் தெரிஞ்சுக்கோ" என்றாள். "அவரு பேசறதை இன்னொரு தடவை கேக்கணும்னுதான் நான் எடுக்கச் சொன்னேன். இப்ப தெனம் கேக்கறேன். ஒரு நாள் ஒரு மாதிரி இருக்கு, இன்னொரு நாள் இன்னொரு மாதிரி இருக்கு. நீ சொல்லு. நீ சொல்றதை நான் நம்பறேன்."

இதைவிடப் பெரிய வாய்ப்பு அவனுக்கு இனி வராது. கையைப் பார்க்கவில்லை என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். அவள் நம்பியிருப்பாள்.

"எனக்குத் தெரியல அண்ணி" என்றான்.

"தெரியலன்னா?"

"முன்னாடி தெரிஞ்சுது. இப்ப தெரியல."

சாய்லிக் கிண்ணத்தின் விளிம்பைத் துடைத்துக்கொண்டே இருந்தாளாம். "உனக்கும் தெரியல, எனக்கும் தெரியல. ரெண்டு பேரும் இப்படியே உக்காந்து எத்தனை நாள் டீ குடிக்கிறது?"

அவள் துரத்தவில்லை. அவனாகத்தான் எழுந்து வந்தான். வசந்தத்தில் அவள் மகள்களோடு கிசிலுக்குக் குடிபோனாள். பெரியவளின் படிப்பு அங்கேதான் என்பது காரணம். வெள்ளை நெற்றிப் பசுவை விற்கவில்லை, ஹெரெலின் பொறுப்பில் விட்டாள். முன்வீட்டின் சாவியைக் கொடுத்தாள். அவன் இன்றுவரை அந்த வீட்டுக்குள் படுத்ததில்லை. குளிர் ஏறாமல் இருக்க அடுப்பு மட்டும் மூட்டிவிட்டு வருகிறான்.

"ஏன்டா பொய்யாவது சொல்லியிருக்கக் கூடாதா?" என்று ஒருமுறை திட்டினேன்.

"எது பொய்யின்னு தெரிஞ்சாத்தானேடா சொல்ல முடியும்" என்றான்.

போன கோடையில் உரானா மறுபடி வந்தாள். அந்தப் படத்துக்குப் பிறகு அவள் வேறு படமே எடுக்கவில்லை என்று கேள்விப்பட்டிருந்தோம். இளைத்துப் போயிருந்தாள். ஹெரெலின் சின்ன வீட்டு வாசலில் உட்கார்ந்து, "அண்ணே, உன்னைப் பத்தி ஒரு படம் எடுக்கறேன். உன் பக்கத்தை நீயே சொல்லு. அந்தப் படம் போன இடத்துக்கெல்லாம் இதையும் அனுப்பறேன். எனக்கு வேற வழி தெரியல" என்றாள்.

நான் வேண்டாம் என்றுதான் சொல்வான் என்று நினைத்தேன். "சரி, வை" என்றான். முகம் கழுவிக்கொண்டு வந்தான். நல்ல சட்டை ஒன்றைப் போட்டுக்கொண்டான்.

கேமராவை வைத்தாள். சட்டையில் சின்ன மைக்கைக் குத்தினாள். "எங்கேர்ந்து வேணா ஆரம்பி அண்ணே. அவசரமே இல்ல."

ஹெரெல் வாயைத் திறந்தான், மூடினான். கேமராவுக்குள் யாரோ இருப்பதுபோல் பார்த்தான். கொட்டகையில் பசு கத்தியது. ஈ ஒன்று நெற்றியில் உட்கார்ந்தது, விரட்டவில்லை. உரானா ஒரு கேள்விகூடக் கேட்கவில்லை. பின்னால் நின்று உதட்டைக் கடித்துக்கொண்டிருந்தாள். எவ்வளவு நேரம் போனது என்று தெரியவில்லை. அடுப்பில் வைத்த தேநீர் பொங்கி வழியவே, நான் உள்ளே போய் இறக்கிவைத்துவிட்டு வந்தேன். அப்போதும் அவன் அப்படியே உட்கார்ந்திருந்தான்.

"முடியல உரானா" என்றான் கடைசியில். "பாக்கலன்னு சொன்னா அது அப்படியே நின்னுடும். பாத்தேன்னு சொன்னா அதுவும் நின்னுடும். தெரியலன்னு சொல்றதைப் படமா எடுத்து யாரு பாப்பாங்க?"

"நான் பாப்பேன் அண்ணே."

"உனக்குத்தான் ஏற்கெனவே தெரியுமே."

அவள் கேமராவை நிறுத்தினாள். அவன் மைக்கைக் கழற்றி, வயரை ஒழுங்காகச் சுற்றி அவளிடம் கொடுத்தான். முக்காலியை மடக்கி அவள் வண்டிவரை தூக்கிவந்து பின்சீட்டில் வைத்தான். அவள் வண்டியைக் கிளப்பியதும் சன்னலில் குனிந்து, "மலையில மழை பெஞ்சிருக்கு, ஓடையில தண்ணி அதிகமா இருக்கும். மேல் பாலத்து வழியா போம்மா" என்றான்.

புழுதி அடங்கும்வரை இருவரும் நின்றோம். பிறகு அவன் நல்ல சட்டையைக் கழற்றிக் கொடியில் போட்டுவிட்டு, பசுவுக்குத் தண்ணீர் காட்டப் போனான்.